திருவிழாவுக்குக் கூத்தா, ஆடல் பாடலா? கமிட்டியில் மாட்டிக்கொண்டு முழிக்கிறேன்

பாப்பாரப்பட்டி_பையன்

எங்கள் ஊர் பாப்பாரப்பட்டியைத் தாண்டி உள்ளே போக வேண்டும். வைகாசியில் திரௌபதி அம்மன் பண்டிகை. இந்த வருஷம் நோட்டீஸில் என் பெயருக்குப் பின்னால் பொருளாளர் என்று போட்டிருக்கிறார்கள், உண்மையில் வசூல் நோட்டைத் தூக்கிக்கொண்டு வீடு வீடாகப் போய்ப் பேச்சு வாங்குகிற வேலை.

என் தாத்தா காலத்தில் 18 நாள் பாரதம் படிப்பார்களாம், அதில் பத்து ராத்திரி கூத்து நடக்குமாம். நான் பள்ளிக்கூடம் போகும்போது அது ஐந்து ராத்திரி ஆனது, போன வருஷம் மூன்று. இந்த வருஷம் பசங்கள் எல்லாம் சேர்ந்து, கூத்து ஒரே ராத்திரி போதும், மீதிக்கு ஆடல் பாடல் வைக்கலாம், எல்இடி திரை, டிஜே எல்லாம் போட்டுக் கலக்கலாம் என்று நிற்கிறார்கள். கூத்துக்கு ராத்திரிக்கு 35,000 என்றால் ஆடல் பாடலுக்கு ஒன்றரை லட்சம். அந்தப் பணத்தை நாங்களே போடுகிறோம் என்கிறார்கள். பாதிப் பேர் பெங்களூரில், மீதிப் பேர் திருப்பூரில், கையில் காசு இருக்கிறது. பெரியப்பா ஒருவர், அம்மனுக்கு எதிரில் ரெக்கார்டு டான்ஸ் வைத்தால் நான் கோயில் வரியே கொடுக்க மாட்டேன் என்று துண்டை உதறிவிட்டு எழுந்து போய்விட்டார்.

எனக்கும் கூத்தை நிறுத்த மனசில்லை. ஆனால் போன வருஷம் நடந்ததையும் சொல்லிவிடுகிறேன். ராத்திரி இரண்டரை மணி, கர்ணன் வேஷம் கட்டியவர் தொண்டை கிழியப் பாடுகிறார். 200 பிளாஸ்டிக் நாற்காலி போட்டிருந்தோம். எண்ணிப் பார்த்தேன், 17 பேர். அதில் நான்கு பேர் கூத்துச் செட்டு ஆட்கள், மேடை ஏறும் முறைக்காகக் காத்திருந்தவர்கள். மறுவாரம் பக்கத்து ஊரில் ஆடல் பாடல், பஸ் போக வழியில்லை, மரத்தின் மேலெல்லாம் ஆள். அந்தக் கர்ணனை நினைத்தால் எனக்கே சங்கடமாக இருக்கிறது. 13 பேருக்காக ஒரு மனுஷன் விடிய விடிய ஆட வேண்டுமா?

உங்கள் ஊர்களில் என்ன செய்தீர்கள்? இந்தியா முழுக்க இதே கதைதானா, இல்லை நாம்தான் சீக்கிரம் கைவிட்டோமா? தமிழர் பண்பாடு அழிகிறது என்று ஆரம்பிப்பவர்கள் தயவுசெய்து வேண்டாம், அதைக் கமிட்டியிலேயே போதுமான அளவு கேட்டுவிட்டேன்.


வாத்தியார்_மகன்

தம்பி, எங்கள் அப்பா முப்பது வருஷம் கூத்தில் ஸ்திரீ பார்ட், அதாவது பெண் வேஷம். திரௌபதி, பொன்னுருவி, சுபத்திரை எல்லாம் அவர்தான். அதனால் கொஞ்சம் உரிமையோடு சொல்கிறேன், கோபப்படாதீர்கள்.

முதலில் அந்த நாற்காலியை எடுங்கள். கூத்துக்கு யாராவது நாற்காலி போடுவார்களா? கூத்து என்பது பாயும் போர்வையும் கொண்டுவந்து மண்ணில் உட்கார்ந்து, நடுவில் ஒரு தூக்கம் போட்டு, பக்கத்து ஆள் தொடையில் தட்டி “எழுந்திரு, துகில் உரியப் போறான்” என்று எழுப்பப் பார்க்கிற விஷயம். கதை எல்லோருக்கும் தெரியும். அடுத்து என்ன நடக்கும் என்று பார்க்க வருகிறவன் எவனும் கிடையாது, இந்தத் துரியோதனன் திரைக்குப் பின்னால் இருந்து எப்படி வருகிறான் என்று பார்க்கத்தான் வருகிறான். இரண்டு பேர் வேட்டியைத் திரையாகப் பிடித்திருப்பார்கள், உள்ளிருந்து பாட்டு மட்டும் வரும், முதலில் கிரீடத்தின் உச்சி தெரியும், அப்புறம் தோளில் கட்டிய ஒரு புஜக்கட்டை. முழு ஆள் வெளியே வர அரை மணி நேரம் ஆகும். வந்தவுடன் கிறுக்கி அடித்துச் சுற்றும்போது தூங்கின குழந்தை எழுந்து அழும். இதை மூன்று மணி நேரத்துக்குள் அடக்கு என்றால் எதை வெட்டுவது? அந்த அரை மணி நேரத்தைத்தான் வெட்டுவார்கள். வெட்டியதும் மிச்சம் இருப்பது மைக் முன்னால் நின்று வசனம் பேசுகிற நாடகம்.

நாற்காலியில் ஆறு மணி நேரம் எவனும் உட்கார மாட்டான். 13 பேர் உட்கார்ந்ததே பெரிசு.

இரண்டாவது, காசு. கூத்து ஏதோ புனிதமாக இருந்தது, இப்போதுதான் வியாபாரம் வந்து கெடுத்தது என்று பேசுவதை நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். எங்கள் வீட்டில் அரிசி வந்ததே அந்த வியாபாரத்தில்தான். தாம்பூலம் மாற்றி அச்சாரம் வாங்காமல் எந்தச் செட்டும் வண்டி ஏறாது. வந்த பணத்தை வண்டி வாடகை போகப் பங்கு பிரிப்பார்கள், செட்டை நடத்துகிற வாத்தியாருக்கு ஒன்றரைப் பங்கு, மத்தளத்துக்கும் ஆர்மோனியத்துக்கும் முழுப் பங்கு, புதுப் பையனுக்கு அரை. ஒரு செட்டில் 13, 14 பேர் இருப்பார்கள் என்று வைத்துக்கொண்டு நீங்கள் சொன்ன 35,000ஐ வகுத்துப் பாருங்கள். விடிய விடிய ஆடிவிட்டு, எண்ணெய் தேய்த்து அரிதாரத்தைக் கலைத்துவிட்டு, அடுத்த நாள் சித்தாள் வேலைக்கோ செங்கல் சூளைக்கோ போகிறவர்கள் இதில் உண்டு. மழைக்காலத்தில் ஆட்டம் கிடையாது, கிடைத்த கூலி வேலைதான்.

சினிமாவைப் பற்றியும் சொல்கிறேன். கூத்தில் கோமாளியாக வருகிற கட்டியங்காரன் எல்லாக் காலத்திலும் அந்தந்த வருஷத்துச் சினிமாவைக் கிண்டல் அடித்துத்தான் ஆட்களைப் பிடித்து வைப்பான். அப்பா சொல்வார், சினிமாவில் பாடிய தியாகராஜ பாகவதர் காலத்திலேயே பாகவதர் மெட்டில் பாஞ்சாலி அழுதிருக்கிறாளாம். ஆக, கலப்படம் இன்றைக்கு வந்தது இல்லை.

அப்புறம் என்னதான் போனது என்று கேட்டால், என் கணக்கில், வேலை போனது. கூத்துக்கு ஊரில் ஒரு வேலை இருந்தது. அந்த வேலை எங்கே இன்னும் இருக்கிறதோ அங்கே கூத்தும் இருக்கிறது. கருமாதிக்கு இன்றைக்கும் கர்ண மோட்சம் வைக்கிறார்கள் பாருங்கள். ஒரு வீட்டில் அப்பா செத்த பதினாறாம் நாள் ராத்திரி, பந்தலில், உயிர் போகும் கர்ணனைப் பார்த்து மகன்கள் உட்கார்ந்து அழுகிறார்கள். அங்கே வந்து டிஜே வைக்கலாமா என்று எந்தப் பையனாவது கேட்டிருக்கிறானா? எங்கள் பக்கத்துச் செட்டுக்கு இப்போது திருவிழாவைவிடக் கருமாதியில்தான் அதிக ராத்திரி. எமன் புண்ணியத்தில் பிழைக்கிறோம் என்று வாத்தியாரே சொல்வார்.

படுகளமும் அப்படித்தான். களத்துமேட்டில் மண்ணால் துரியோதனனைப் படுக்க வைத்து, பீமன் வந்து தொடையில் அடித்து, அந்த இடத்துச் சிவப்பை எடுத்துத் திரௌபதி கூந்தல் முடிகிறாளே, அன்றைக்கு உங்கள் ஊர்ப் பெண்கள் ஒருத்தராவது வீட்டில் இருப்பார்களா? அர்ச்சுனன் தபசு மரம் ஏறும்போது மேலிருந்து எறிகிற எலுமிச்சம்பழத்துக்கு, பிள்ளை இல்லாதவர்கள் ஈரச் சேலையோடு கீழே காத்திருக்கிறார்களே, அவர்களிடம் போய் எல்இடி திரை பற்றிப் பேசிப் பாருங்கள்.

அதனால் என் யோசனை, ராத்திரியைக் குறையுங்கள், ஆனால் தபசு, படுகளம் இரண்டையும் தொடாதீர்கள். நடுவில் சும்மா நிரப்புவதற்காக வைக்கிற ராத்திரியைப் பசங்களுக்கு விட்டுக் கொடுத்துவிடுங்கள், ஒன்றும் குடிமுழுகிப் போகாது.


ஓசூர்_ரெண்டாவது_ஷிப்ட்

மேலே அண்ணன் சொன்னதில் முக்கால்வாசி சரி. இந்தியா முழுக்க இதே கதைதானா என்று கேட்டீர்கள் அல்லவா, அதற்கு என்னால் கொஞ்சம் சொல்ல முடியும். நான் இருக்கிற கம்பெனியில் குஜராத்தி, பஞ்சாபி, மராத்தி, ஒடியா எல்லாம் உண்டு, டீ இடைவேளையில் பேச்சு இதுதான்.

என்னோடு மெஷினில் நிற்கிற குஜராத்திப் பையன் நவராத்திரி வந்தால் பைத்தியம் பிடித்த மாதிரி ஆகிவிடுவான். ஓட்டை போட்ட மண் பானைக்குள் விளக்கு வைத்து அதைச் சுற்றிப் பெண்கள் கைதட்டிப் பாடி ஆடுவதுதான் கர்பாவாம், அவன் பாட்டி ஊரில் அப்படித்தானாம். இப்போது அகமதாபாத், வடோதராவில் பெரிய மைதானம், டிக்கெட், ஸ்பான்சர், மேடையில் பாடகர், நடுநடுவே இந்திச் சினிமாப் பாட்டு. 2023இல் யுனெஸ்கோ பட்டியலிலும் கர்பா ஏறிவிட்டது. முழு வியாபாரம்தான். ஆனால் ஒரு வித்தியாசத்தைக் கவனியுங்கள். அங்கே காசு கொடுக்கிறவன் ஆடுவதற்காகக் காசு கொடுக்கிறான். துணி தைத்து, ஒரு மாதம் முன்னாலேயே வகுப்புக்குப் போய், வியர்க்க வியர்க்க ஆடிவிட்டு வருகிறான். நம் ஊர் ஆடல் பாடலில் எட்டுப் பேர் ஆட, எட்டாயிரம் பேர் போனைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நிற்கிறோம். இரண்டும் வியாபாரம்தான், ஆனால் அவர்களுடைய உடம்பில் ஆட்டம் இன்னும் இருக்கிறது.

பாங்க்ராவும் கிட்டத்தட்ட அதே மாதிரி. அறுவடைக்கு ஆடியதை 1950களில் டெல்லிக் குடியரசு தின ஊர்வலத்துக்குக் கொண்டுபோனார்கள், சினிமா எடுத்துக்கொண்டது, 1980களில் இங்கிலாந்தில் குடியேறிய பஞ்சாபிகள் சிந்தசைசர் போட்டு அதை வேறு ஒன்றாக்கினார்கள். எங்கள் சர்தார்ஜி சூப்பர்வைசர் அதைப் பற்றிக் கவலையே படுவதில்லை. கல்யாணத்தில் டோல் சத்தம் கேட்டால் 55 வயதில் தோளைக் குலுக்கிக்கொண்டு இறங்கிவிடுகிறார். மராத்திக்காரர் மட்டும் லாவணி என்றாலே முகம் சுளிப்பார். அவர்கள் ஊர் நாடகமான தமாஷாவின் கொட்டகையில் கவிதையும் கிண்டலுமாக இருந்த ஆட்டத்தை இப்போது மேடையில் பெண்ணை நிறுத்தி விசில் அடிக்கிற நிகழ்ச்சியாக்கிவிட்டார்கள் என்று அவருக்கு வருத்தம். அதைக் கேட்கும்போது நம்ம ஊர் கரகம்தான் ஞாபகம் வந்தது.

ஆக, வியாபாரம் ஆவது எல்லா இடத்திலும் நடந்திருக்கிறது. எந்தப் பக்கம் போகிறது என்பதுதான் ஊருக்கு ஊர் மாறுகிறது. ஓசூரில் அபார்ட்மெண்ட்டுக்கு அபார்ட்மெண்ட் தாண்டியா நைட் நடக்கிறது, தமிழ்ப் பெண்கள், தெலுங்குப் பெண்கள் எல்லாரும் கோல் தட்டி ஆடுகிறார்கள். நம் கோலாட்டம் எங்கே போனது என்று ஒருத்தரும் கேட்கவில்லை. நானும்தான் கேட்கவில்லை, போய் ஆடிவிட்டு வந்தேன், நன்றாகத்தான் இருந்தது.


பர்கூர்_குமாஸ்தா

சுருக்கமாக. பத்து மணிக்கு மேல் ஒலிபெருக்கி கூடாது என்பது 2000ஆம் வருஷத்து ஒலி மாசு விதி. காலை 6 மணி வரை அந்தத் தடை. திருவிழா மாதிரி காரியங்களுக்கு வருஷத்தில் 15 நாள் வரை, ராத்திரி 12 மணி வரை அரசு தளர்த்தலாம். விடிய விடியக் கூத்து என்பதற்கு எந்தத் தாளிலும் இடம் இல்லை, இத்தனை நாள் நடப்பது ஸ்டேஷன்காரர்கள் கோயில் காரியம் என்று கண்டுகொள்ளாமல் விடுவதால்தான். கூத்து செத்ததற்கு டிவி, செல்போன் என்று காரணம் அடுக்குகிறவர்கள் இந்தப் பத்து மணியையும் சேர்த்துக்கொள்ளுங்கள். ஆடல் பாடல் ஏழு மணிக்கு ஆரம்பித்துப் பத்துக்கு முடியும், சட்டத்துக்குப் பொருத்தமாக இருக்கிறது. கூத்து ஆரம்பிப்பதே பத்துக்குத்தான்.

ஆடல் பாடல் வைப்பதாக இருந்தால் முன்கூட்டியே காவல் நிலையத்தில் மனு கொடுங்கள். ஆபாச நடனம், இரட்டை அர்த்த வசனம் கூடாது, சாதியையோ கட்சியையோ தூக்கிப் பிடிக்கிற பாட்டு கூடாது, தலைவர்கள் படம் போட்ட பேனர் கூடாது என்று நிபந்தனை போடுவார்கள், உயர்நீதிமன்றமே பல வழக்குகளில் இதைச் சொல்லியிருக்கிறது. நோட்டீஸில் குறவன் குறத்தி ஆட்டம் என்று பழக்கத்தில் அச்சடித்துவிடாதீர்கள். 2023இல் அரசு அதைத் தடை செய்துவிட்டது. ஒரு சமூகத்தையே கேவலப்படுத்துகிற ஆட்டம், தடை சரிதான்.


காவேரிப்பட்டினத்தான்

எல்லாரும் கலை கலை என்கிறீர்கள். நான் கொஞ்சம் கசப்பாகப் பேசுவேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

எங்கள் தாத்தா பறை அடித்தார். அப்பாவும் அடித்தார். மயானக் கொள்ளைக்கு அங்காளம்மன் ஊர்வலத்தில் அவர் அடித்தால் எதிரில் நிற்கிறவனுக்கு அருள் வரும், அதைப் பார்த்து எனக்குப் பெருமையாகவும் இருக்கும். மறுநாள் அதே ஆளை “டேய், சாவு விழுந்திருக்கு, வாடா” என்று என் வயசுப் பையன் வாசலில் நின்று கூப்பிடுவான். அப்பா போவார். திண்ணைக்குக் கீழே நின்று கூலி வாங்குவார். எனக்கு அன்றைக்கு 12 வயசு, இந்த உறுமியும் வேண்டாம் பறையும் வேண்டாம் என்று முடிவு எடுத்தேன். பாலிடெக்னிக் படித்தேன், அப்பாவே பறையைப் பரண் மேல் தூக்கிப் போட்டார்.

இன்றைக்கு ஊர்க்காரர்கள் பழைய மாதிரி மேளம் அடிக்க ஆள் இல்லை, கலை அழிந்துபோச்சு என்கிறார்கள். நாங்கள் விட்டது கலையை இல்லை, ஏவலை. இரண்டையும் ஒன்றாகக் கட்டி வைத்தது யார்?

அதனால் பேண்டு செட்டும், கேரளச் செண்டை மேளமும் நம் திருவிழாவுக்கு வரும்போது எனக்கு வருத்தம் வருவதில்லை. செண்டைக்காரனை எவனும் டேய் போட்டுக் கூப்பிடுவதில்லை, ரூம் போட்டுக் கொடுக்கிறார்கள். அட்வான்ஸ், ரசீது, பேசின நேரம், பேசின காசு. வியாபாரம் வந்ததால் மரியாதை வந்தது என்று சொன்னால் உங்களுக்குக் கஷ்டமாக இருக்கும், எங்கள் தெருவில் கேட்டுப் பாருங்கள்.

வேடிக்கை என்னவென்றால், சென்னையில் ஐடி பசங்கள் சனி ஞாயிறு காசு கட்டிப் பறை கற்றுக்கொள்கிறார்கள். 2025இல் பறைக் கலைஞர் வேலு ஆசானுக்குப் பத்மஸ்ரீ கொடுத்தார்கள், அதே வருஷம் தெருக்கூத்துக்குப் புரிசை கண்ணப்ப சம்பந்தனுக்கும் கொடுத்தார்கள். அன்றைக்கு டிவியில் அதைப் பார்த்துவிட்டு அப்பா ஒன்றும் பேசவில்லை. சாயங்காலம் போய்ப் பார்த்தால் பரணுக்கு ஏணி போட்டிருந்தது. தோல் எலி கடித்திருந்தது, கட்டை மட்டும் இருந்தது. துடைத்து வைத்திருக்கிறார். இன்னும் தோல் கட்டவில்லை, நானும் கேட்கவில்லை.

கமிட்டித் தம்பிக்கு ஒன்று. கூத்து வையுங்கள், வேண்டாம் என்று சொல்லவில்லை. ஆனால் செட்டு ஆட்கள் எங்கே வேஷம் கட்டுகிறார்கள், எங்கே சாப்பிடுகிறார்கள், ஆடல் பாடல் பெண்களுக்குப் போட்ட ரூம் இவர்களுக்கும் உண்டா என்று பாருங்கள். போன வருஷம் எங்கே தங்கினார்கள்?


பாப்பாரப்பட்டி_பையன்

அண்ணா, பள்ளிக்கூடத்து வராந்தாவில். சாப்பாடு அன்னதானப் பந்தலில் கடைசிப் பந்தி. இதுவரை நான் யோசித்தே பார்க்கவில்லை, எழுதும்போது கூச்சமாக இருக்கிறது.

குமாஸ்தா சார் சொன்ன பத்து மணி விஷயத்துக்கு என்ன செய்வது? மைக் இல்லாமல் ஆடச் சொல்லலாமா? அந்தக் காலத்தில் மைக்கா இருந்தது என்று பெரியப்பா கேட்கிறார்.


வாத்தியார்_மகன்

ஆடலாம், ஆடுவார்கள். ஆனால் முப்பது வருஷமாக மைக் முன்னால் பாடிப் பழகிய தொண்டை அது. சின்ன நாதஸ்வரம் மாதிரி ஊதுகிற முகவீணை இருந்த காலத்தில் அந்தச் சத்தமே ராத்திரியில் இரண்டு மைல் கேட்கும். இப்போது முகவீணை ஊதுகிற ஆள் செத்தால் அடுத்த ஆள் கிடைப்பதில்லை, கீபோர்டு வைத்துக்கொள்கிறார்கள், கீபோர்டுக்குக் கரண்ட் வேண்டும். ஒன்றை விட்டால் ஒன்றாகப் போகும் தம்பி.


பர்கூர்_குமாஸ்தா

விதியில் மைக் மட்டும் இல்லை, இசைக் கருவியும் பிற்பாடு சேர்ந்துவிட்டது. ஆனால் மைக் இல்லாமல் கோயில் களத்தில் நடந்தால் யார் வந்து புகார் கொடுக்கப் போகிறார்கள், அது வேறு.


மத்தூர்_அக்கா

நேற்றிலிருந்து படித்துக்கொண்டு வருகிறேன். கூத்து, பறை, டிஜே என்று எல்லாம் பேசிவிட்டீர்கள். ஆண்கள் வேஷம் கட்டி ஆண்கள் பார்த்த ஆட்டத்துக்கு இத்தனை பக்கம். நாங்கள் ஆடிய கும்மி எங்கே போனது என்று ஓசூர் தம்பி மட்டும் லேசாகத் தொட்டுவிட்டுப் போனார், அதுவும் கோலாட்டத்தைச் சாக்கிட்டு.

காணும் பொங்கல் அன்று சாயங்காலம் ஊர் நடுவில் கும்மி. அம்மா, சித்தி, அத்தை, கல்யாணம் ஆகி வந்த பெண், வாழாமல் திரும்பி வந்த பெண் எல்லாரும் அதில் உண்டு. ஒருத்தி அடி எடுத்துக் கொடுப்பாள், மீதிப் பேர் திருப்பிப் பாடிக்கொண்டே குனிந்து ஒரு தட்டு, நிமிர்ந்து ஒரு தட்டு. எங்கள் பெரியம்மா அடி எடுத்தால் அதில் மாமியார் வந்துவிடுவாள், வட்டிக்காரன் வந்துவிடுவான், பெயர் சொல்லாமல் ஊரில் யார் யாரை வைத்துக்கொண்டிருக்கிறான் என்பதும் வந்துவிடும். சுற்றி நிற்கிற ஆண்கள் காதில் விழாத மாதிரி நிற்பார்கள். வருஷம் முழுக்க வாயைத் திறக்க முடியாதவள் அன்றைக்கு ஒரு நாள் பேசினாள், அதுவும் தாளத்தோடு.

இதை எந்த டிஜேவும் வந்து நிறுத்தவில்லை. நாற்று நடவு போனதோடு போய்விட்டது. பெரியம்மா அந்தப் பாட்டையெல்லாம் கட்டியது வயலில்தான், குனிந்து நடும்போது. ஏரி வற்றி நெல் போனது, மாந்தோப்பு வந்தது, மாந்தோப்பில் பத்துப் பேர் வரிசையாக நின்று பாடிக்கொண்டு செய்கிற வேலை கிடையாது. பெண்கள் விடியற்காலை நாலரைக்குக் கம்பெனி பஸ் ஏறி ஓசூர் போகிறார்கள், பஸ்ஸில் தூங்குகிறார்கள், தூங்கட்டும் பாவம். கோயம்புத்தூர்ப் பக்கம் வள்ளி ஒயில் கும்மியை ஒருவர் எடுத்துப் பெண்களுக்கும் சொல்லிக் கொடுத்தார், பத்ரப்பன், 87 வயசில் 2024இல் பத்மஸ்ரீ வாங்கினார், அங்கே இன்றைக்கு நூற்றுக்கணக்கில் நின்று ஆடுகிறார்கள். நல்ல விஷயம்தான். ஆனால் ஒரே நிறச் சேலை, ஒரே பாட்டு, மேலே டிரோன். பெரியம்மா மாதிரி இடையில் புகுந்து வட்டிக்காரனை இழுக்க அதில் இடம் இல்லை.

கரகத்தைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். 1989இல் கரகாட்டக்காரன் படம் வந்தபோது நான் ஆறாவது படித்தேன். படம் ஓடின ஓட்டத்தில் எல்லா ஊரிலும் கரகம் வேண்டும் என்றார்கள், ஆடுகிறவர்களுக்கு நல்ல காலம் என்றுதான் எல்லாரும் நினைத்தோம். அம்மன் அழைக்கத் தலையில் எடுத்து வருகிற பூங்கரகம் வேறு, அது பூசாரி தலையில் பம்பைச் சத்தத்தோடு வரும், அதை ஒருவரும் தொட மாட்டார்கள். ஆட்டக்கரகம் பிழைப்புக்காக ஆடுவது. அப்படி ஆட வந்த ஒரு அக்கா எங்கள் வீட்டில்தான் உடை மாற்றினாள். சொம்புக்குள் அரிசி போட்டு எடை கட்டுவதைப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தேன். ஒரு கைப்பிடி போடுவாள், தலையில் வைத்து இடுப்பை ஒரு வெட்டு வெட்டுவாள், இறக்கி இரண்டு சிட்டிகை எடுப்பாள், மறுபடியும் வைப்பாள். முழங்காலில் ஆறாத புண், சேலைத் துணியைக் கிழித்துச் சுற்றியிருந்தது. அன்றைக்கு ராத்திரி கரகம் தலையில் இருக்க, பின்னால் வளைந்து தரையில் கிடந்த ஊசியைக் கண் இமையால் எடுத்தாள். நான் மூச்சு விடவில்லை. பின்னால் இருந்து ஒருத்தன் “அதெல்லாம் போதும், பாட்டைப் போடு” என்றான். கரகத்தை இறக்கி ஓரமாக வைத்துவிட்டு வந்து சினிமாப் பாட்டுக்கு ஆடினாள். பத்து ரூபாய் நோட்டை ரவிக்கையில் குத்த ஊரில் பெரிய மனுஷர்கள் வரிசையில் நின்றார்கள், அதில் என் சொந்தக்காரர்களும் உண்டு.

ஆபாசம் ஆடல் பாடலோடு வந்தது என்று அந்தப் பெரியப்பா சொன்னால் இதைச் சொல்லுங்கள். கேட்டு வாங்கியது ஊர்தான்.


பாப்பாரப்பட்டி_பையன்

எல்லாருக்கும் நன்றி, நேற்று கமிட்டி கூடியது. இரண்டு மணி நேரம் சண்டை. வாத்தியார் மகன் அண்ணன் சொன்னதைத்தான் எடுத்து வைத்தேன். தபசு ஒரு ராத்திரி, படுகளத்துக்கு முந்தின பதினெட்டாம் போர் ஒரு ராத்திரி, இரண்டும் கூத்து. கடைசி நாள் பசங்களுக்கு, பத்து மணிக்குள் முடிக்க வேண்டும், மனு அவர்களே கொடுக்க வேண்டும். பெரியப்பா இன்னும் முகம் கொடுத்துப் பேசவில்லை, ஆனால் வரியைத் தம்பி மகன் கையில் கொடுத்தனுப்பிவிட்டார். நாற்காலி கிடையாது, பாய் கொண்டுவரச் சொல்லி நோட்டீஸிலேயே போடுகிறோம். இதைக் கேட்டுச் சிரித்தவர்கள் உண்டு. செட்டு ஆட்களுக்கு எங்கள் வீட்டு மாடியைத் திறந்து விடுகிறேன், சாப்பாடு முதல் பந்தி. இதற்கு இரண்டு பேர் முணுமுணுத்தார்கள், யார் என்று இங்கே எழுதவில்லை.

மத்தூர் அக்கா, கும்மியைப் பற்றிக் கமிட்டியில் பேசவில்லை, பெண்கள் யாருமே கமிட்டியில் இல்லை என்பது பேசப் போனபோதுதான் உறைத்தது. வீட்டுக்கு வந்து அம்மாவிடம் கேட்டேன். “அதெல்லாம் யாருக்குடா ஞாபகம் இருக்கு” என்றார். கொஞ்ச நேரம் கழித்துப் பாத்திரம் கழுவும் இடத்தில் இருந்து இரண்டு அடி கேட்டது, மூன்றாவது அடிக்கு “தனனா தனனா” என்று போனது, அப்புறம் குழாயைத் திறந்துவிட்டார். எதிர்வீட்டு ஆயாவுக்கு முழுசாகத் தெரியுமாம். கேட்க வேண்டும்.

செவ்வாய்க்கிழமை வாத்தியார் வீட்டுக்கு அச்சாரம் கொடுக்கப் போகிறேன். இதுவரை பெரியப்பாதான் போவார், நான் போனதில்லை. என்னென்ன கொண்டுபோக வேண்டும்?


வாத்தியார்_மகன்

வெற்றிலை, பாக்கு, தேங்காய், பழம், தட்டு. பணத்தை வெற்றிலை மேல் வைத்து இரண்டு கையால் கொடுங்கள். ஜிபே பண்ணிவிடாதீர்கள்.

பொழுது இறங்கினால் அவர் சூளையில் இருந்து வந்துவிடுவார். அதற்கு முன்னால் போனால் வீட்டில் ஆள் இருக்காது.